கறுப்பு பானெட்டில் மீன்கண்

அத்தியாயம் ஒன்பது

"நீங்க உள்ளே வரக் கூடாது சார்."

வால் என்று பட்டப்பெயர் வாங்கியவனை எத்தனையோ வாசல்களில் தடுத்திருக்கிறார்கள். சினிமா தியேட்டர் வாசலில், வங்கி லாக்கர் அறை வாசலில், ஒரு முறை மாமனார் ஆகியிருக்க வேண்டியவரின் வீட்டு வாசலில். தலைமுடிக்காகத் தடுத்தது இதுதான் முதல் முறை.

தடுத்தவர் பெயிண்ட் கம்பெனியிலிருந்து வந்திருந்த கெமிஸ்ட். நல்ல உயரம், மடிப்புக் கலையாத சட்டை, பேசும்போது எதிராளியின் கண்ணைப் பார்த்தே பேசும் பழக்கம். அந்த எதிராளி பெரும்பாலும் மேடமாகவே இருந்ததால், அந்தப் பழக்கம் வாலுக்குச் சுத்தமாகப் பிடிக்கவில்லை.

"தலையில என்ன தடவியிருக்கீங்க?"

"அழகு," என்றான் வால்.

மேடம் சிரிக்கவில்லை. கெமிஸ்ட்தான் சிரித்தார். வால் பையிலிருந்து எடுத்துக் காட்டிய சீரம் பாட்டிலை வாங்கி, பின்பக்கத்துப் பொடி எழுத்தைப் படித்துவிட்டு மேடத்திடம் நீட்டினார். "பாருங்க மேடம். சைக்ளோபென்டாசிலாக்சேன். நாம தேடற ஆள் இவர் தலை மேலேயே உட்கார்ந்திருக்கார்."

"அடப்பாவி, நீதானா?" என்றாள் மேடம். சொல்லிவிட்டுச் சிரித்தாள். வாலின் ஜோக்குக்கு வராத சிரிப்பு கெமிஸ்டின் ஜோக்குக்கு வந்தது.

மேடம் தனியார் துப்பறியும் நிபுணி. வால் அவளுடைய உதவியாளன். எந்நேரமும் அவள் பின்னாலேயே போவதற்கும், வாய் ஒரு நிமிஷம் சும்மா இராததற்கும் சேர்த்து வைத்த பெயர் அது. அவள் மேல் தனக்கு இருப்பது வெறும் மரியாதை என்று அவன் கேட்டவர்களிடமெல்லாம் சொல்லுவான். கேட்காதவர்களிடமும் சொல்லுவான்.

அன்று அவர்கள் வந்திருந்தது கார்களுக்குப் பெயிண்ட் அடிக்கும் ஒரு பட்டறைக்கு. அங்கே இருந்த பெயிண்டர் கை தேர்ந்தவர். அவர் அடித்த கதவில் முகம் பார்த்துத் தலை வாரலாம் என்பார்கள். அப்பேர்ப்பட்டவர் அடிக்கும் வண்டிகளில் கொஞ்ச காலமாக மீன்கண் விழுந்துகொண்டிருந்தது. ஈரப் பெயிண்டில் சின்னச் சின்னக் குழி, குழியைச் சுற்றி வளையம்.

முதலாளி மேடத்தைக் கூப்பிட்டு ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டார். "யாராவது கெடுக்கறாங்களா, இல்லே இவனுக்கே கை போயிடுச்சா, எனக்குத் தெரியணும். இந்தக் கறுப்பு வண்டி பானெட்டை இன்னிக்கு மத்தியானம் மறுபடி அடிக்கறான். இதுலயும் விழுந்துதுன்னா அவன் வீட்டுக்குப் போகட்டும். பூத்தைச் சின்ன பெயிண்டர்கிட்ட கொடுத்துடுவேன்."

பூத் என்பது தூசி நுழையாதபடி கண்ணாடிக் கதவு போட்டு அடைத்த அறை. வால் பாதி திறந்திருந்த அந்தக் கதவுக்கு வெளியே நின்றான். உள்ளே மேடமும் கெமிஸ்டும் ஒரே பூதக்கண்ணாடியில் குனிந்து, கழற்றி ஓரமாக வைத்திருந்த ஒரு கெட்டுப்போன கார்க் கதவைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். உலகத்தில் பூதக்கண்ணாடிக்கு அவ்வளவு பஞ்சமா என்று வாலுக்குத் தோன்றியது.

"சிலாக்சேன்னா என்னன்னு எனக்குப் புரியற மாதிரி சொல்லுங்க," என்றாள் மேடம்.

"ஒரு சிலிக்கான், ஒரு ஆக்சிஜன், மறுபடி சிலிக்கான், மறுபடி ஆக்சிஜன். இப்படியே கைகோத்துக்கிட்டுப் போனா அதுதான் சிலாக்சேன். கம்ப்யூட்டர் சிப்புல இருக்கறது வெறும் சிலிக்கான், அது வேற. இதுல ஒவ்வொரு சிலிக்கான் மேலேயும் கார்பன் கொத்து ஒட்டிக்கிட்டிருக்கும். அதான் அந்த வழவழப்பு. கண்ணுக்கே தெரியாத அளவு இருந்தாப் போதும், ஈரப் பெயிண்ட் அந்த இடத்தை விட்டு விலகி ஓடிடும்."

"எதுல எல்லாம் இருக்கும்?"

"தலைக்குத் தடவறது, கைக்குத் தடவறது, இஸ்திரி போடறப்போ துணிக்கு அடிக்கற ஸ்ப்ரே, டயர் பாலிஷ். லேபிள்ல சிலாக்சேன்னே எழுதியிருப்பாங்க. இல்லேன்னா டைமெத்திக்கோன் மாதிரி 'கோன்'னு முடியற பேர் இருக்கும். அதனாலதான் பெயிண்ட் பட்டறையில வேலை பார்க்கறவங்க தலையில எதுவும் தடவ மாட்டாங்க."

"பிரமாதம்," என்றாள் மேடம்.

இத்தனை வருஷத்தில் வாலுக்கு அவள் வாயிலிருந்து ஒரு 'பரவாயில்லை' கிடைத்ததுண்டு. அதுவும் அவள் காய்ச்சலில் இருந்தபோது.

மேடம் கதவின் மேல் விரலை ஓட்டிக் காட்டினாள். "இந்தக் குழியெல்லாம் கண்ட இடத்துல விழலே. வளைஞ்சு வளைஞ்சு போகுது. யாரோ துடைச்ச மாதிரி." பெயிண்டர் பக்கம் திரும்பினாள். "அடிக்கறதுக்கு முன்னாடி எதால துடைப்பீங்க?"

"கம்பெனி கொடுக்கற காகிதம்தான் மேடம்." பெயிண்டர் காகிதச் சுருளைக் காட்டினார்.

"வீட்டுலேர்ந்து ஏதாவது கொண்டு வருவீங்களா?"

"இல்லே மேடம்," என்றவர் ஷூவைப் பார்த்தார். வறண்டு செம்பட்டை பாய்ந்த முடி. சோப்பைத் தவிர வேறெதையும் அறியாத முகம்.

வெளியே வால் சும்மா இருக்கவில்லை. சின்ன பெயிண்டரைப் பிடித்துக்கொண்டான். "அண்ணே, இவர் போனா பூத் உங்களுக்கு. உங்களுக்கு அவர் மேல பொறாமை இல்லையா?"

"இல்லேன்னு சொன்னா என் வாய் வெந்துடும் தம்பி," என்றார் சின்ன பெயிண்டர். "காலையில வந்தவுடனே அவன் அடிச்சதைப் பார்ப்பேன். அப்புறம்தான் டீ குடிப்பேன். டீ இறங்காது. ஆனா வண்டியில கை வெக்க மாட்டேன்."

கெமிஸ்ட் அதை நம்பவில்லை. முதலாளியை அழைத்துக்கொண்டு போய்ச் சின்ன பெயிண்டரின் அலமாரியைத் திறக்கச் சொன்னார். உள்ளே ஒரு டப்பா டயர் பாலிஷ் இருந்தது. முதலாளி "டேய்!" என்று போட்ட சத்தத்தில் பட்டறையே நின்றது.

"இது என் ஸ்கூட்டருக்கு வாங்கினது முதலாளி! பட்டறைக்குள்ள பிரிச்சதே இல்லே!"

மேடம் டப்பாவைத் திருப்பிப் பார்த்தாள். மூடியைச் சுற்றிய பிளாஸ்டிக் தாள் அப்படியே இருந்தது. "உண்மைதான். சரி, மீன்கண் தினமும் விழுதா?"

கலர் கலக்கும் மேஜையில் நின்ற பெண்தான் மெதுவாகச் சொன்னாள். பட்டறையில் எல்லோருக்கும் அவள் கலர் அக்கா. "தினமும் இல்லே மேடம். நான் வர்ற நாள்ல மட்டும்தான். எனக்கு லீவுன்னா வேற பையன் வருவான். அன்னிக்கு ஒன்னும் ஆகறதில்லே. எனக்கே பயமா இருக்கு."

கெமிஸ்ட் புருவத்தைத் தூக்கினார். "கைக்கு கிரீம் ஏதாவது போடுவீங்களா?"

அவள் இரண்டு கையையும் நீட்டினாள். பெயிண்ட் கரைக்கும் தின்னர் பட்டுப் பட்டு வெடித்து, விரல் மடிப்பெல்லாம் தோல் உரிந்திருந்தது. "போடணும்னு ஆசைதான் சார். எல்லாரையும் எதுவும் தடவாதீங்கன்னு மிரட்டறதே நான்தான். நானே தடவ முடியுமா?"

கெமிஸ்ட் கொஞ்சம் வெட்கப்பட்டார். வாலுக்கு அது தேன் குடித்த மாதிரி இருந்தது. ஆனால் அந்தச் சந்தோஷம் நிலைக்கவில்லை. மேடம் கெமிஸ்டைப் பார்த்து, "கேட்டது தப்பில்லே, நானும் அதைத்தான் கேட்டிருப்பேன்," என்று ஆறுதல் சொன்னாள். வால் ஒரு கேள்வி தப்பாகக் கேட்டால் அவள் ஒரு வாரத்துக்குச் சொல்லிக்காட்டுவாள்.

அவன் பட்டறை வாசலில் நின்றிருந்த ஒரு வண்டியின் கண்ணாடியில் தன் தலையைப் பார்த்தான். வழக்கத்தைவிடப் பளபளவென்று இருந்தது. ஏன் இன்றைக்கு இவ்வளவு தடவினோம்? கெமிஸ்ட் வருகிறார் என்று மேடம் நேற்றே சொல்லியிருந்தாள். ஆள் படித்தவர், பார்க்கவும் நன்றாக இருப்பார் என்று முதலாளி வேறு சொல்லியிருந்தார். அதனால்தான் காலையில் பாட்டிலைக் கவிழ்த்தது. அந்த ஆள் வராத நாளில் யார் இவ்வளவு தடவப்போகிறார்கள்?

அங்கேயே அவனுக்குப் பொறி தட்டியது. ஓடிப்போய் மேடத்தைத் தனியாக இழுத்தான்.

"மேடம், நாம தப்பான கேள்வி கேட்டுக்கிட்டிருக்கோம். அந்த அக்கா வர்ற நாள்ல அவங்க என்ன செய்யறாங்கன்னு பார்க்கறோம். அவங்க வந்தா யாருக்கு வயிறு எரியும்னு பார்க்கணும்."

"யாருக்கு?"

"பெயிண்டருக்கு வீடுன்னு ஒன்னு இருக்கு இல்லே?"

மேடம் அவனை ஒரு கணம் உற்றுப் பார்த்தாள். "இது உனக்கு எப்படித் தோணுச்சு?"

"அனுபவம்," என்றான் வால், தரையைப் பார்த்துக்கொண்டு.

பெயிண்டரின் வீடு ஒரு பல்பொருள் கடைக்கு மேலே, குறுகலான மாடிப்படி ஏறி இருந்தது. கதவு திறந்தே கிடந்தது. ஒரு பெண் ஜன்னலோரம் நின்று துணிக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். பட்டறையிலிருந்து வருகிறோம் என்றதும் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

"அவருக்கு ஒன்னும் இல்லையே?"

"ஒன்னும் இல்லே. உட்காருங்க," என்றாள் மேடம்.

அவள் உட்காரவில்லை. "வேலை போயிடுமாங்க? ராத்திரியெல்லாம் தூங்காம கையைக் கையைப் பார்த்துக்கிட்டிருக்கார். தனக்குக் கை நடுங்குதான்னு என்கிட்ட நீட்டிக் காட்டறார். நடுங்கலேங்க. கல்லு மாதிரி நிக்குது. நான் சொன்னா நம்ப மாட்டேங்கறார்."

வாலின் கண் மேஜை மேல் இருந்தது. பழைய பனியனைச் சதுரம் சதுரமாக வெட்டி, துவைத்து, மடித்து அடுக்கியிருந்தாள். ஒவ்வொன்றும் வெண்ணெய் போல இருந்தது.

"இதெல்லாம் என்னக்கா?"

"அவர் வண்டி துடைக்கறது தம்பி. பட்டறையில கொடுக்கற காகிதத்துல நூல் பறக்குமாம். அவருக்குப் பிடிக்காது. யாருக்கும் தெரியாம இதைத்தான் கொண்டு போவார். தூசி படக் கூடாதுன்னு பிளாஸ்டிக் உறையில போட்டு ஒட்டிக் கொடுப்பேன். அடிக்கறதுக்கு முன்னாடி உள்ளே போய்த்தான் பிரிப்பார்." பெருமையாகத்தான் சொன்னாள்.

மேடமும் வாலும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். 'இல்லே மேடம்' என்று ஷூவைப் பார்த்த முகம் இரண்டு பேருக்கும் ஞாபகம் வந்தது.

மேஜையின் மறுபக்கம் ஒரு பாட்டில் நின்றது. வாலுக்கு நெருங்கிய சொந்தம். அவன் பையில் இருந்த அதே சீரம், ஆண்களுக்கானது. அடி வரை காலியாகியிருந்தது.

"இது யாருக்கு வாங்கினது?"

"அவருக்குத்தான்."

"அவர் தலையில ஒரு சொட்டுகூட இல்லையே அக்கா. இங்க பாட்டில் காலி."

அவள் முகம் மாறியது. பாட்டிலை எடுத்து உள்ளே வைக்கப் போனாள், வைக்கவில்லை, கையிலேயே பிடித்துக்கொண்டாள்.

"ஆசையா வாங்கிக் கொடுத்தேங்க. தடவ மாட்டேன்னுட்டார். ஏன்னு கேட்டா, கலர்ல இருக்கற அக்கா திட்டும்கறார். நான் வாங்கினதைத் தடவக் கூடாதுன்னு சொல்ல அவ யாரு? முன்னெல்லாம் என் கையாலதான் தலை வாரிப்பார். இப்போ காலையில எழுந்து தேய்ச்சுத் தேய்ச்சுக் குளிச்சுட்டு, புது மாப்பிள்ளை மாதிரி வேலைக்குப் போறார். பெயிண்ட் அடிக்கப் போறவருக்கு எதுக்கு அப்படிக் குளியல்?"

"அதனால?" என்றாள் மேடம், மிக மெதுவாக.

"தினமும் கேட்பேன், இன்னிக்குக் கலர்ல யாருன்னு. என்கிட்ட அவருக்குப் பொய் சொல்ல வராது. அவதான்னு சொல்ற அன்னிக்கு, அந்தத் துணியில இதை ரெண்டு சொட்டு விட்டு வெச்சுடுவேன். பக்கத்துல நிக்கறவ மூக்குக்குத் தெரியட்டும், இவருக்கு வீட்டுல ஒருத்தி இருக்கான்னு." கண்ணீர் வந்துவிட்டது. "அது ஒரு தப்பாங்க?"

மேடம் வாலைப் பார்த்தாள். சொல்லவேண்டிய பொறுப்பு அவன் தலையில் விழுந்தது. கெமிஸ்ட் சொன்னதையெல்லாம் அவன் கேட்கப் பிடிக்காமல் கேட்டிருந்தான். ஒரு வார்த்தை விடாமல் ஞாபகம் இருந்தது.

"அக்கா, இந்தப் பாட்டில்ல சிலாக்சேன்னு ஒன்னு இருக்கு. முடிக்கு நல்லது. ஆனா ஈரப் பெயிண்ட் இது இருக்கற இடத்துல நிக்காது, ஒதுங்கிடும். அதான் அவர் வண்டியில குழி விழுது. அதனாலதான் அந்தக் கலர் அக்கா எல்லாரையும் தடவாதீங்கன்னு சொல்றாங்க. அவங்க தன் கைக்கே எதுவும் போடறதில்லே, கை வெடிச்சுக் கிடக்கு."

அவள் பாட்டிலின் பொடி எழுத்தைத் திருப்பிப் பார்த்தாள். பிறகு கேட்டாள். "அவளுக்கு வாசனை தெரிஞ்சுதா?"

"பூத்துக்குள்ள எல்லாரும் மூக்கு வாயெல்லாம் மூடின முகமூடி போட்டிருப்பாங்க அக்கா. அவங்களுக்கும் தெரியலே, உங்க வீட்டுக்காரருக்கும் தெரியலே."

"பின்ன யாருக்குத்தான் தெரிஞ்சுது?"

"பெயிண்டுக்கு மட்டும்தான்."

"ஐயோ. இன்னிக்கும் அவதான்னு சொன்னார். இன்னிக்குக் கொஞ்சம் கூடவே விட்டேன்."

மேடம் அதற்குள் படியில் இறங்கிவிட்டாள். பெயிண்டரின் மனைவி பாட்டிலோடும் வீட்டுச் செருப்போடும் பின்னால் ஓடிவந்தாள். காரைக் கிளப்பிக்கொண்டே மேடம் தன் போனை வாலின் மடியில் போட்டாள். "கெமிஸ்டுக்குப் போடு! அவர் ஒருத்தர்தான் போனோட பூத் பக்கத்துல இருக்கார். நிறுத்தச் சொல்லு!"

வால் நம்பரைத் தேடி எடுத்தான். கட்டைவிரல் அதன் மேல் நின்றது.

கூப்பிட்டால் என்ன நடக்கும் என்று அவனுக்கு நன்றாகத் தெரிந்தது. அந்த உயரமான ஆள் பூத் கதவைத் திறந்துகொண்டு பாய்வார். கடைசி நொடியில் பெயிண்டரின் கையைப் பிடிப்பார். முதலாளி அவர் தோளில் தட்டுவார். மேடம் 'பிரமாதம்' என்பாள். கண்டுபிடித்தது யார்? வால். பேர் யாருக்கு? பட்டறை பக்கத்தில்தானே, போய்ச் சேர்ந்துவிடலாம் என்று மனதுக்குள் ஒரு குரல் சொன்னது. அவன் விரல் நகர்ந்து பெயிண்டரின் நம்பரை அழுத்தியது. அந்தப் போன் அலமாரிக்குள் பூட்டிக் கிடக்கும் என்பது அவனுக்குத் தெரியும்.

"எடுக்கலே மேடம்," என்றான்.

அவர்கள் பட்டறைக்குள் ஓடியபோது பூத்துக்கு வெளியே எல்லோரும் நின்றிருந்தார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பெயிண்டர் பெயிண்ட் பீய்ச்சும் துப்பாக்கியைத் தாழ்த்திக்கொண்டு நின்றார். கறுப்பு பானெட் ஈரமாக மின்னியது. அதன் நடுவில் முதலில் ஒரு குழி திறந்தது. அப்புறம் இன்னொன்று. வளைந்து வளைந்து, துடைத்த கையின் வழியே, ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டே போனது.

பெயிண்டரின் மனைவி கண்ணாடியைத் தட்டினாள். காற்றாடிகளின் இரைச்சலில் அவருக்குக் கேட்கவில்லை. மறுபடி தட்டினாள். அவர் திரும்பினார். அவள் சீரம் பாட்டிலைக் கண்ணாடியில் வைத்து அழுத்திக் காட்டினாள். அவர் பாட்டிலைப் பார்த்தார். மெதுவாகப் பாக்கெட்டில் கை விட்டு, பனியன் துணியை எடுத்துப் பார்த்தார். முகமூடியைக் கழற்றினார். துணியை மூக்கருகே கொண்டுபோனார்.

வெளியே வந்தவுடன் முதலாளியிடம் அவர்தான் முதலில் பேசினார். "தப்பு என்னுது முதலாளி. காகிதத்தை விட்டுட்டு என் துணியைப் போட்டேன். கேட்டப்பவும் மறைச்சேன்."

"இல்லேங்க, அதுல இதை விட்டது நான்," என்றாள் அவள். சொல்லும்போதே அவள் பார்வை கலர் அக்காவின் கைகளுக்குப் போய், அங்கிருந்து நகர மறுத்தது.

கெமிஸ்ட் தலையில் அடித்துக்கொண்டார். "மேடம், ஒரு போன் பண்ணியிருந்தா நிறுத்தியிருப்பேனே! பக்கத்துலதான் நின்னேன்."

"பண்ணினோமே, நீங்க எடுக்கலே."

"எனக்கு வரவே இல்லையே!"

மேடம் வாலிடமிருந்து போனை வாங்கிப் பார்த்தாள். கடைசியாகப் போன அழைப்பு யாருக்கு என்று பார்க்க அதிக நேரம் ஆகவில்லை. அவள் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை என்று வாலுக்கு இருந்தது.

வால் முதலாளியின் முன்னால் போய் நின்றான். "முதலாளி, இன்னிக்கு விழுந்ததுக்கு நான்தான் காரணம். நிறுத்தியிருக்கலாம். பேர் இவருக்குப் போயிடுமேன்னு கூப்பிடலே."

"ஒரு பானெட்டுக்கு இத்தனை குற்றவாளியா!" முதலாளி கத்தினார். "எனக்கு இந்தக் கதையெல்லாம் வேண்டாம். சொன்னது சொன்னதுதான். டேய், நாளையிலேர்ந்து பூத் உனக்கு. இதை உரசி எடுத்துட்டு நீ அடி."

சின்ன பெயிண்டர் அசையவில்லை. கறுப்பு வண்டியின் கதவுகளைப் பார்த்தார். அவை வீட்டுத் துணியில் சீரம் விழாத நாட்களில் பெயிண்டர் அடித்தவை.

"என்னால முடியாது முதலாளி."

"ஏன்டா?"

"அந்தக் கதவுக்குப் பக்கத்துல என் பானெட்டா? பார்க்கறவன் சிரிப்பான். தனி வண்டின்னா எப்படியோ ஒப்பேத்திடுவேன். அவன் கையும் என் கையும் ஒரே வண்டியில நிக்கக் கூடாது. எனக்குத் தாங்காது." அவர் உரசும் காகிதத்தைக் கையில் எடுத்துக்கொண்டார். "அவனே அடிக்கட்டும். கழுவி, உரசி நான் கொடுக்கறேன். அந்தப் பனியனை மட்டும் பிடுங்கிப் போடுங்க."

முதலாளி கதவைப் பார்த்தார், பானெட்டைப் பார்த்தார், பெயிண்டரைப் பார்த்தார். "காகிதத்தால துடை," என்று மட்டும் சொல்லிவிட்டு அறைக்குப் போனார். பெயிண்டரின் மனைவி அப்போதுதான் உட்கார்ந்தாள், பெயிண்ட் டப்பா ஒன்றின் மேல். கலர் அக்கா அவளுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

காரில் ஏறியதும் மேடம் சாவியைத் திருப்பவில்லை.

"அங்க பொறாமைன்னு மோப்பம் பிடிச்சது நீதான். பிரமாதம்."

எத்தனை நாள் காத்திருந்த வார்த்தை. வாலுக்கு அதை விழுங்க முடியவில்லை.

"இப்போ உன் போனை எடு. கெமிஸ்ட் நம்பரை அதுல போட்டுக்கோ. அடுத்த தடவை அவரை நீதான் கூப்பிடப் போறே. முதல் ரிங்குல."

வால் எடுத்தான். அவள் சொல்லச் சொல்ல நம்பரை அடித்தான். போன் பெயர் கேட்டது. முதலில் அவன் அடித்த பெயரை அச்சில் போட முடியாது. மேடம் பார்த்துக்கொண்டிருந்தாள். எழுத்து எழுத்தாக அழித்துவிட்டு, 'கெமிஸ்ட் சார்' என்று அடித்தான்.